நான் ஊர் காட்டிய கதை

நுவரெலியாவுக்கு வருவோர் ஏறக்குறைய ஒரே ஒழுங்கில்தான் அவ்வூரைப் பார்த்துச் செல்கின்றனர். கண்டிப் பக்கமிருந்து வருவோராயின் கம்பளை, புசல்லாவை, இறம்பொடை என வளைந்து வளைந்து ஏறி, லபுக்கலையில் ஒரு கோப்பைத் தேநீர் அருந்தி, குளிர் முகத்திலறைய நகருக்குள் நுழைவர். 1894ஆம் ஆண்டிலே கட்டப்பெற்ற செங்கல் தபாற்கந்தோரின் முன்னின்று படம் எடுப்பர். விக்டோரியா மகாராணி பட்டமேறிய அறுபதாம் ஆண்டு நினைவாக 1897இல் பெயர் பெற்ற பூங்காவிலே மலர் பார்ப்பர். 1876இல் தொடங்கிய ஹில் கிளப்பையும் கிறாண்ட் ஹோட்டலையும் வெளியிலிருந்தாயினும் கண்டு வியப்பர். மாலையிலே கிறகரி வாவியில் படகேறுவர். மறுநாள் ஹக்கலைப் பூங்காவும் சீதாஎலியாவின் அம்மன் கோயிலும் பார்த்தால் பயணம் நிறைவெய்தும். 'சின்ன இங்கிலாந்தைக் கண்டோம்' என்ற மனமகிழ்வோடு திரும்புவர்.

இவ்வொழுங்கு எனக்கு நன்றாக மனப்பாடம். 1998ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதத்திலே, பேராதனையில் இரண்டாம் ஆண்டு மாணவனாக இருந்த நான், என் சக மாணவர் முப்பது பேரை இதே ஒழுங்கில் அழைத்துச் சென்று காட்டினேன். அந்த ஒரு நாளைப் பற்றி எழுதுவதற்கு எனக்கு இத்தனை ஆண்டுகள் தேவைப்பட்டுள்ளன.

நான் பிறந்தது நுவரெலியாவிலிருந்து கந்தப்பளைக்குச் செல்லும் பாதையை அண்டிய ஒரு தேயிலைத் தோட்டத்திலே. தோட்டத்தின் பெயர் இங்கு அவசியமன்று. ஸ்கொத்லாந்திலோ இங்கிலாந்திலோ உள்ள ஓர் ஊரின் பெயரை அதற்கு எந்தத் துரையோ இட்டுச் சென்றான். எங்கள் முதியோர் அதனைத் தம் வாய்க்கு இசைந்தவாறு திருத்திக்கொண்டனர். பத்தடிக்குப் பன்னிரண்டடி என்ற கணக்கில் வரிசையாக அமைந்த எட்டுக் காம்பிரா லயத்தில், மூன்றாவது காம்பிரா எங்களுடையது. முன்னே ஓர் இஸ்டோப்பு, உள்ளே ஓர் அடுப்பு, பள்ளத்திலே ஒரு பீலி. அவ்வளவே எங்கள் ஊர்.

நகரமோ எமக்கு வேறொரு உலகம். வருடத்திற்கு இரண்டு மூன்று தடவை, பாட்டனாரின் கையைப் பிடித்துக்கொண்டு அங்கே செல்வேன். நாங்கள் செல்வது பூங்காவுக்கன்று, தபாற்கந்தோருக்கே. 1964ஆம் ஆண்டு ஒக்டோபரில் செய்யப்பட்ட சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் நாடற்றிருந்த ஒன்பது இலட்சத்து எழுபத்தையாயிரம் மக்களைப் பங்கிட்டது. ஐந்தேகால் இலட்சம் பேர் இந்தியாவுக்கு, மூன்று இலட்சம் பேர் இலங்கைக்கு, எஞ்சிய ஒன்றரை இலட்சம் பேர் பின்னர் பார்த்துக்கொள்வதற்கு. அந்தக் கணக்கிலே என் மாமன் ஒருவரும் சென்றார். தலைமன்னாரிலே கப்பலேறிய அவர் குடும்பம் நீலகிரியில் கோத்தகிரிப் பக்கமாகக் குடியேறி, அங்கும் கொழுந்தே பறித்தது. பாட்டனார் எழுதுவிக்கும் கடிதம் அந்தச் செங்கற் கட்டடத்தின் பெட்டிக்குள் விழும்வரை என் கைக்குள்ளேதான் இருக்கும். ஆகவே, உல்லாசப் பயணிகள் அழகென்று காணும் அக்கட்டடம் எனக்கு என் மாமன் போன வழியாகவே தோன்றிற்று. 2023ஆம் ஆண்டு நவம்பரில் அதனை விடுதியாக்கும் முயற்சிக்கெதிராகத் தபால் ஊழியர் வேலைநிறுத்தம் செய்தபோது, என்னையறியாமலே என் மனமும் அவர்களோடு நின்றது.

இந்நகரின் வரலாற்றை நான் பல்கலைக்கழக நூலகத்திலேதான் கற்றேன். 1819இல் ஜோன் டேவி என்னும் மருத்துவர் இவ்வழியாக வந்தார். தேசாதிபதி எட்வேட் பார்ண்ஸ் இங்கே தமக்கு ஒரு மாளிகை அமைத்தார். அதுவே பின்னாளில் கிறாண்ட் ஹோட்டலாயிற்று. 1848இல் சாமுவேல் பேக்கர் ஓர் ஆங்கிலக் கிராமத்தையே இங்கு நாட்ட முனைந்தார். பின்னர் ஆபிரிக்காவிலே நைல் நதியின் ஊற்றைத் தேடிப் புகழ் பெற்றவர் இவரே. பண்ணை மேற்பார்வையாளன், கொல்லன், உயர்சாதி மாடுகள், வேட்டை நாய்கள், குதிரை வண்டி என யாவற்றையும் கப்பலேற்றிக் கொணர்ந்தார். வண்டி மலைப்பாதையிலே பள்ளத்தில் விழுந்தது. முதலில் இட்ட உருளைக்கிழங்கைப் புழு தின்றது. தம் தோல்விகளையும் நகைச்சுவையோடு எழுதியவர் என்ற முறையில் அவரிடம் எனக்கு மதிப்புண்டு. அவருடைய வேட்டை நூலைப் படிப்போர் அவரது நாய்களின் பெயர்களை அறிந்துகொள்வர். அவற்றின் குணங்களைக்கூட அறிந்துகொள்வர். காட்டை வெட்டி வெளியாக்கிய மனிதரோ 'கூலிகள்' என்ற ஒரு சொல்லுக்குள்ளே பெரும்பாலும் அடங்கிவிடுகின்றனர்.

கோப்பிக் காலத்திலே அவர்கள் மன்னார்க் கரையிலிருந்து காட்டுவழியே மாத்தளைக்கு நடந்து வந்தனர். வழியிலே வாந்திபேதிக்கும் பசிக்கும் இரையானோர் எண்ணிலர். 1869இல் கோப்பியிலே இலைநோய் கண்டது. அதற்கு இரண்டாண்டு முன்னரே ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரையிலே தேயிலையை நட்டிருந்தார். கோப்பிக்குப் பருவத்திற்கு மட்டும் ஆள் போதும். தேயிலைக்கோ ஆண்டு முழுவதும் கை வேண்டும். ஆகவே வந்தவர்கள் குடும்பத்தோடு தங்கினர், லயங்கள் எழுந்தன. 1885இல் புகைவண்டி நானுஓயாவை எட்டியது. கொழும்பிலே வெயில் சகியாத துரைமார் ஏப்பிரலில் மலையேறிக் குதிரைப் பந்தயம் பார்க்கும் வழக்கமும் வலுப்பெற்றது. பந்தயத்திடலும் பூங்காவும் இருக்கும் பள்ளத்தாக்கைச் சூழ்ந்த மலைகளெங்கும் தேயிலை. அம்மலைகளிலே ஈட்டிய பணமே இந்நகரை வளர்த்தது. இவ்வளவையும் நான் அறிந்திருந்தேன். அறிந்திருந்தும் அன்று நான் நடந்துகொண்ட விதந்தான் சொல்லவேண்டியது.

அன்று காலை முதல் நான் சிறந்த வழிகாட்டியாகவே விளங்கினேன். பார்ண்சையும் பேக்கரையும் பற்றி ஒலிபெருக்கியின்றியே முழங்கினேன். நண்பர்கள் கைதட்டினர். பிற்பகலிலே, கந்தப்பளைக்கு அப்பாலுள்ள ஹெதர்செட் தொழிற்சாலையைப் பார்க்கவேண்டும் என்று சிலர் விரும்பினர். பல ஆண்டுகள் மூடிக்கிடந்த அத்தேயிலைத் தொழிற்சாலை 1996இல் உல்லாச விடுதியாக மாறியிருந்தது. அதன் செய்தி அப்போது எங்கும் பேசப்பட்டது. உள்ளே செல்லப் பணமில்லாவிடினும் வெளியிலிருந்து பார்ப்போம் என்றனர். எங்கள் தோட்டம் அவ்வழியிலேதான் இருந்தது. அதனை நான் சொல்லவில்லை. 'இவன் நுவரெலியாக்காரன்' என்றே எல்லோரும் என்னைக் குறிப்பிடுவர். நானும் அதனைத் திருத்தியதில்லை. நகரத்தான் என்று அவர்கள் எண்ணிக்கொண்டால் எண்ணட்டும் என்றிருந்தேன்.

எங்கள் தோட்டத்தின் திருப்பத்தை அணுகியபோது, பாதையோரத்து மலையிலே பெண்கள் நிறை பிடித்துக் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தனர். மூடுபனி விலகி இளவெயில் சரிந்திருந்தது. யாழ்ப்பாணத்து நண்பர் ஒருவர் துள்ளியெழுந்தார்.

"மச்சான், பஸ்ஸை ஒருக்கா நிப்பாட்டச் சொல்லு. நல்ல படமொண்டு எடுப்பம்."

பேருந்து நின்றது. எல்லோரும் இறங்கினர். நான் மட்டும் இறங்கவில்லை. கண்ணாடிக்கு இப்பால் இருந்தவாறே அந்த நிறையை எண்ணினேன். கீழ்க் கோடியிலிருந்து நான்காவதாக நின்றவர் என் தாயார். தலைக்கயிற்றிலே கூடை தொங்க, இடுப்பிலே படங்குச் சாக்குச் சுற்றியிருக்க, அவர் கை ஓயாது இயங்கிக்கொண்டிருந்தது. பல தோட்டங்களில் நாளொன்றுக்குப் பதினெட்டுக் கிலோ என்பது கணக்கு. நாலரைக் கிலோ பச்சைக் கொழுந்து வாடி அரைபட்டு வறுபட்டுத்தான் ஒரு கிலோ தேயிலையாகும். படம் எடுப்போரை நிமிர்ந்து பார்க்க நேரமிராது என்று எண்ணி நான் ஆறுதலடைந்தேன். என் தாயார் நிமிராதிருப்பதே எனக்கு ஆறுதலாயிற்று! இரண்டு நிமிடத்தில் எல்லோரும் திரும்ப ஏறினர். பேருந்து நகர்ந்தது. அடுத்த வளைவிலே ஹெதர்செட்டைப் பற்றிய என் விளக்கத்தை நான் தொடர்ந்தேன்.

சில வாரங்களின் பின் நண்பர் படங்களைக் கழுவி அனைவருக்கும் ஒவ்வொரு பிரதி தந்தார். 'உன்ரை ஊர்ப் படம்' என்று எனக்கு அந்தப் படத்தையே தந்தார். அதனை ஒரு புத்தகத்தினுள் வைத்தேன். புத்தகம் மாறிற்றே தவிர, படம் வெளியே வரவில்லை. தாயாருக்கும் நான் அதனைக் காட்டவில்லை.

அந்த நண்பர் பிற்காலத்தில் பிரான்சு தேசத்திற் குடியேறினார். 2014ஆம் ஆண்டு ஓர் ஆய்வரங்கின் பொருட்டு நான் பாரிசுக்குச் சென்றபோது, விடுமுறை எடுத்து என்னைத் தெற்கே புரொவான்சுக்கு அழைத்துச் சென்றார். லே போ என்னும் மலையுச்சிக் கிராமம் அங்குள்ளது. வெண்பாறை மீது கற்கோட்டை. கோட்டையின் கீழ் பாறையைக் குடைந்தும் கல்லை அடுக்கியும் அமைத்த வீடுகள். அதன் பிரபுக்கள் அரசுக்கு அடங்காதிருந்தமையால் 1632இல் கோட்டை இடிக்கப்பட்டது. 1821இல் அவ்வயலிலே கண்டெடுக்கப்பட்ட செந்நிறக் கனியத்துக்கு இவ்வூரின் பெயரே 'பொக்சைட்' என ஆயிற்று. எங்கள் ஊரின் பெயர் தேயிலைப் பெட்டியிலேறி உலகெங்கும் செல்வதுபோல, அச்சிற்றூரின் பெயரும் பாறையிலேறி உலகெங்கும் சென்றிருக்கிறது. ஆண்டுதோறும் பத்து இலட்சத்துக்கு மேற்பட்டோர் வருகின்றனர். ஆனால், மேலே பழைய ஊரினுள் வாழ்வோரோ மிகச் சிலரே. வீடுகளெல்லாம் கடைகளாகிவிட்டன.

அங்கே களிமண் பொம்மைகளுக்கென ஒரு காட்சிச்சாலையும் உண்டு. ரொட்டி சுடுபவன், மீன் விற்பவள், ஆட்டிடையன், விறகு சுமக்கும் கிழவி எனப் புரொவான்சின் உழைப்பாளர் யாவரும் விரலளவு உருவாய் நிற்கின்றனர். நண்பர் அவற்றை நெடுநேரம் பார்த்திருந்துவிட்டு, "சனத்தைக் கலைச்சுப்போட்டுப் பொம்மையை வைச்சிருக்கிறாங்கள்" என்றார். ஊரை விட்டுவந்த ஒருவரின் சொல் அது. அதில் அவருடைய சொந்த ஊரின் துயரமும் இருந்தது. எனக்கோ புத்தகத்துக்குள் இருந்த படம் நினைவுக்கு வந்தது. கோட்டையின் இடிந்த மதிலிலே அமர்ந்து, பதினாறு ஆண்டுகளுக்கு முந்திய அந்த இரண்டு நிமிடத்தைப் பற்றி அவரிடம் சொன்னேன். அவர் ஒன்றும் பேசவில்லை. சற்றுப் பொறுத்து, "அம்மாவை நான் பாக்கவேணும்" என்றார்.

2016இல் அவர் வந்தார். இம்முறை தபாற்கந்தோரும் இல்லை, வாவியும் இல்லை. நேரே தோட்டத்திற்கே சென்றோம். தாயார் ஓய்வு பெற்றிருந்தார். "வாங்க தம்பி, ஏறி வந்தது களைப்பா இருக்கும்" என்று நண்பரை இஸ்டோப்பில் இருத்தித் தேநீர் கொடுத்தார். பின்பு தாமே முன்வந்து ஊர் காட்டினார். நான் பின்னே நடந்தேன்.

அவ்வளவு நல்ல வழிகாட்டியை நான் கண்டதில்லை. விடியற்காலையிலே பெயர் கூப்பிட்டு வேலை பங்கிடும் பெரட்டுக்களத்தைக் காட்டினார். அங்கே எந்தக் கல்லிலே யார் நிற்பார் என்பதைக் காட்டினார். நான் ஏணையிலே கிடந்த பிள்ளைக் காம்பிராவைக் காட்டினார். மலைகளுக்கெல்லாம் அவரிடம் பெயரிருந்தது: கோயில் மலை, பாலத்து மலை, பேய்ச்சவுக்கு மலை. தோட்டக் கந்தோரின் படத்திலே அவை வெறும் இலக்கங்கள். ஓரிடத்தில் நின்று, "கான்லேருந்து நாலாவது வரி, கல்லுக்குப் பக்கத்து செடி. எங்க ஆத்தாவ அங்கதான் பொதச்சோம். பொறவுதான் தேயில வச்சாங்க" என்றார். பிறர் கண்ணுக்கு அங்கே எல்லாச் செடியும் ஒரு செடியே.

வீட்டுக்குத் திரும்பியபின் நான் படத்தை எடுத்து அவர் கையிற் கொடுத்தேன். வெளிச்சத்துக்குக் கொண்டுபோய்ப் பார்த்தார். மேல் கோடியிலிருந்து தொடங்கி ஒவ்வொருவராகச் சொல்லிவந்தார். ஒருவர் இறந்துவிட்டார். ஒருவர் மகளோடு கொழும்பிலே இருக்கிறார். ஒருவர் மத்திய கிழக்குக்குச் சென்று திரும்பியவர். தம்மைக் கடைசியாகவே சொன்னார்: "இது நாந்தான். படங்கு கிழிஞ்சிருக்கு பாருங்க."

நான் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். அவர் என்னை நிமிர்ந்து பாராமலே சொன்னார்:

"அன்னைக்கு நீ பஸ்ஸுக்குள்ள இருந்தத நான் பாத்தேன் தம்பி. கூட்டாளிகளோட வந்திருக்க, கூப்புட்டா ஒனக்கு ஒருமாதிரியா இருக்குமேன்னு பேசாம இருந்துட்டேன். நெறயையும் விட்டுட்டு வர முடியாதுல்ல."

அவர் நிமிராதிருந்தது வேலையால் என்றே பதினெட்டு ஆண்டுகளாக நான் எண்ணியிருந்தேன். அவ்வாறன்று, என்னை மறைப்பதற்காகவே அவர் குனிந்திருந்தார். என் வெட்கத்தை எனக்கு முன்னரே அறிந்து, அதையும் கூடையோடு சேர்த்துச் சுமந்திருக்கிறார்.

அன்று மாலை நண்பர் ஒரு கருத்தைச் சொன்னார். துரைமாரின் பங்களாக்கள் பேணப்படுகின்றன, 2005 முதல் ஹற்றன் பக்கத்திலே காசல்ரீ நீர்த்தேக்கத்தைச் சூழ்ந்த பழைய பங்களாக்கள் சில உயர்தர விடுதிகளாகியுள்ளன, தொழிற்சாலையும் பேணப்படுகிறது, லயத்தையும் அவ்வாறே பேணவேண்டாமா என்றார். கம்பளைக்கு அண்மையிலுள்ள பழைய பீகொக் தோட்டத்தில் 2007இல் லயமொன்று தொழிலாளர் அருங்காட்சியகமாக்கப்பட்டதை நான் எடுத்துச் சொன்னேன். தாயார் கேட்டிருந்துவிட்டுச் சிரித்தார். "ஒன்ன வச்சுப் பாக்கட்டும், வேணாங்கல. மத்தத இடிச்சிட்டு வீட்டக் குடுக்கட்டும். ஏழு பேர்ச் காணின்னு சொல்றாங்களே, அது எப்ப வருமாம்?" என்று கேட்டார்.

எம்மிருவரின் கல்வியையும் அக்கேள்வி ஒரு நொடியில் அளந்துவிட்டது. தனி வீட்டுக்கென ஏழு பேர்ச் காணி என்பது அப்போதுதான் தோட்டந்தோறும் பேசப்பட்டுக்கொண்டிருந்தது. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தினால் நாடற்றவரான என் பெற்றோருக்கு 1988ஆம் ஆண்டுச் சட்டத்தின் பின்னரே குடியுரிமை கிடைத்தது. நாடு கிடைத்தபின்னும் நிலம் கிடைக்கவில்லை. ஒருவர் இன்னும் வாழ்ந்துகொண்டிருக்கும் இடத்தை நினைவுச்சின்னமாக நோக்குவது அவரைக் களிமண் பொம்மையாக்குவதற்கு முதற்படி. ஆயினும், வாழ்வோருக்கு வீடு கிடைத்துவிட்டால் நினைவு வேண்டாம் என்பதும் சரியன்று. தாயார் காட்டிய ஊர் அவர் நினைவிலன்றி வேறெங்கும் எழுதப்படவில்லை. இரண்டும் வேண்டும், வரிசையிலே வீடு முதலில், காட்சிச்சாலை பின்பு. இதனை அவரிடமிருந்தே கற்றேன்.

பூங்காவும் வாவியும் அழகுடையன என்பதில் எனக்கு ஐயமில்லை. அவற்றைப் பார்க்க வேண்டாமென்று நான் எவர்க்கும் சொல்லேன். இப்போதும் மாணவர்களை அங்கு அழைத்துச் செல்கிறேன். பார்ண்சையும் பேக்கரையும் பற்றிச் சொல்கிறேன். ஆனால், கந்தப்பளைப் பாதையிலே அந்தத் திருப்பம் வரும்போது பேருந்தை நிறுத்தச் சொல்லி, முதலில் இறங்குபவன் நானாகவே இருக்கிறேன். இப்பல்கலைக்கழகத்திலே பயிலும் மலையகத்து மாணவருள், முகவரியைக் கேட்டால் நகரத்தின் பெயரை மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்வோர் இன்னும் உண்டு என்பதை நான் அறிவேன். அவர்களைக் குறைகூற எனக்குத் தகுதியில்லை. அவர்கள் இதனைப் படிக்கவேண்டும் என்பதே என் விருப்பம்.

அந்தப் படத்தின் பின்புறத்திலே, தாயார் சொல்லச் சொல்ல நான் எழுதிய பதினொரு பெயர்கள் இப்போது உள்ளன. அவை அவர்களுக்குரியவை, ஆதலால் இங்கு அச்சிடவில்லை. கீழிருந்து நான்காவது பெயரை எழுதும்போது மட்டும் என் கை சற்றுத் தாமதித்தது. அம்மா என்று எழுதுவதா, அவருடைய பெயரை எழுதுவதா என்று அவரையே கேட்டேன்.

"பேரயே எழுது" என்றார்.